வெளி இலைகள்

காலை ஐந்தே முக்காலுக்கு எழுந்துவிடுவேன். அலாரம் வைப்பதில்லை. அடுப்பில் தண்ணீர் வைத்துவிட்டு, பின்கதவைத் திறந்து தோட்டத்துக்குப் போவேன். முட்டைகோஸ் செடிகளை ஒவ்வொன்றாக இலை புரட்டிப் பார்க்க வேண்டும். வெள்ளை வண்ணத்துப்பூச்சி இலையின் அடிப்பக்கத்தில் மஞ்சளாக முட்டை வைத்துவிட்டுப் போகும். கட்டைவிரலால் நசுக்கிவிட்டால் போதும். புழுவாகிவிட்டிருந்தால் எடுத்து உப்புத் தண்ணீர் டப்பாவில் போடுவேன். இருபத்து நான்கு செடிகள், பதினைந்து நிமிடம். உள்ளே வரும்போது தண்ணீர் கொதித்திருக்கும். கையைக் கழுவிவிட்டு, பறித்து வந்த இலையைப் பொடியாக நறுக்கி, ஆய்வகத்திலிருந்து கொண்டுவந்த கண்ணாடி பீக்கரில் இருநூற்றைம்பது கோடு வரை அழுத்தாமல் நிரப்பி, ஆவியில் வேகவைத்து, உப்பும் மிளகும் போட்டு ஒரு கிண்ணத்தில் எடுத்து வைப்பேன். பிறகு நோட்டில் தேதியும் அளவும் எழுதுவேன்.

இப்போது அளக்க வேண்டிய தேவை இல்லை. நோட்டும் என்னிடம் இல்லை. ஆனாலும் அளக்கிறேன்.

காலையிலிருந்து வரிசையாக எழுதுங்கள் என்று நீங்கள் சொன்னதால் காலையிலிருந்து தொடங்கியிருக்கிறேன். இந்தக் காவல் நிலையத்துக்குள் வந்ததும் நீங்கள் எனக்கு முதலில் கொடுத்தது பொருள் காணாமல்போனால் எழுதித் தரும் படிவம். "என்ன சார் தொலைஞ்சுது, போனா, பர்ஸா?" என்றீர்கள். ஒரு வாக்குமூலம் எழுத வேண்டும் என்றேன். யாரோடது என்றீர்கள். என்னுடையது என்றதும் கொஞ்சம் யோசித்துவிட்டு, அதே படிவத்தைத் திருப்பிப் போட்டு, பின்பக்கம் காலியாகத்தான் இருக்கிறது என்றீர்கள். தாள் போதவில்லை என்றால் கேட்கச் சொன்னீர்கள். போதாது. இன்னும் நான்கு வேண்டும்.

எனக்கு வயது முப்பத்தொன்று. வேதியியல் படித்தவன். இந்த ஊர்க் குடிநீர் நிலையத்தின் ஆய்வகத்தில் வேலை. என் மனைவி இறந்து ஏழு மாதம் ஆகிறது. அவளுக்கு இருபத்தொன்பது. திரைச்சீலைகளும் மெத்தை உறைகளும் வீட்டிலேயே தைத்துக் கொடுப்பாள். இதில் நான் எழுதப்போவது எல்லாம் அவளைப் பற்றியும் முட்டைகோஸைப் பற்றியும்தான்.

கல்யாணமான இரண்டாம் வருடம் அவளுக்கு இதய அறுவை சிகிச்சை நடந்தது. சின்ன வயதில் வந்த காய்ச்சல் ஒரு வால்வைக் கெடுத்து வைத்திருந்தது. அதை எடுத்துவிட்டு உலோக வால்வு வைத்தார்கள். அது திறந்து மூடும்போது சத்தம் வரும். பலருக்குக் கேட்காது. அவளுக்கு உடம்பு மெலிவு, நன்றாகவே கேட்கும். டிக், டிக் என்று, மேசைக் கடிகாரத்தை ஒரு துணிக்குள் சுற்றி வைத்த மாதிரி. நூலகத்தில் பக்கத்தில் உட்கார்ந்திருந்த ஒரு அம்மாள் தன் கைக்கடிகாரத்தைக் கழற்றிக் காதில் வைத்துப் பார்த்திருக்கிறார். அவள் அவர் பக்கம் சாய்ந்து, "உங்களோடது இல்லங்க, என்னோடது. சாவி குடுக்க வேண்டாம், பேட்டரி மாத்த வேண்டாம், ஆனா மணி மட்டும் சொல்லாது" என்றாள். அந்த அம்மாளுக்கு என்ன புரிந்ததோ, எழுந்து வேறு நாற்காலிக்குப் போய்விட்டார். வீடு வரும்வரை அதைச் சொல்லிச் சொல்லிச் சிரித்தாள்.

நானும் சிரித்தேன். ஆனால் அந்தச் சத்தம் வீட்டில் நின்றதே இல்லை. தையல் இயந்திரம் ஓடும்போது மட்டும் மறையும். அவள் குளியலறையில் இருந்தால் கதவு வழியாகக் கேட்கும். நான் செய்தித்தாள் படிக்கும்போது வரிகளை அந்தச் சத்தத்துக்கு ஏற்றபடி படித்துக்கொண்டிருப்பதைக் கவனித்தேன். பிறகு படிப்பதை விட்டுவிட்டேன்.

உலோக வால்வு வைத்தவர்கள் இரத்தம் உறையாமலிருக்க வாழ்நாள் முழுக்க ஒரு மாத்திரை சாப்பிட வேண்டும். குறைந்தால் வால்வில் இரத்தம் கட்டும். கூடினால் உள்ளுக்குள் கசியும். அதற்காக மாதம் ஒரு முறை இரத்தப் பரிசோதனை. பச்சை இலைகளில் இருக்கும் ஒரு சத்து இந்த மாத்திரைக்கு எதிராக வேலை செய்யும். இதைப் பரிசோதனை நிலையத்து நர்ஸ் முதல் நாளே படம் வரைந்து காட்டினார். ஒரு தராசு. ஒரு தட்டில் மாத்திரை, இன்னொரு தட்டில் இலை.

"பச்சை இலை சாப்பிடக் கூடாதுன்னு நான் சொல்லலைம்மா. தாராளமா சாப்பிடுங்க. ஆனா இன்னிக்கு ஒரு கூடை, நாளைக்கு ஒண்ணுமே இல்லைன்னு இருக்கக் கூடாது. தினம் ஒரே அளவு. அந்த அளவுக்கு ஏத்த மாதிரி மாத்திரையை நாங்க வெச்சுக்கறோம்."

அவளுக்குச் சின்ன வயதிலிருந்தே முட்டைகோஸ் என்றால் உயிர். பச்சையாகவே கடிப்பாள். அதைச் சொன்னாள். நர்ஸ் சிரித்துவிட்டு, கடைக் கோஸில் அவ்வளவாக ஒன்றும் இருக்காது, கரும்பச்சையான வெளி இலைகளை உரித்துவிட்டுத்தான் விற்பார்கள், உள்ளே இருக்கும் வெள்ளைப் பகுதியில் அந்தச் சத்து மிகக் குறைவு, வெளி இலையில்தான் அத்தனையும் இருக்கிறது என்றார்.

"அப்ப நாங்களே போட்டுக்கறோம்" என்றாள் அவள். "இவருக்கும் மண்ணுல கை வெச்ச மாதிரி இருக்கும். எப்பப் பாத்தாலும் தண்ணியையே உத்துப் பாத்துக்கிட்டிருக்கற மனுஷன்."

அப்படித்தான் தொடங்கியது. மூன்று வாரத்துக்கு ஒரு முறை எட்டு விதை. நாற்று ஐந்து இலை விட்டதும் பிடுங்கி, ஒன்றரை அடி இடைவெளியில் நட்டு, சுற்றிலும் மண்ணைக் குதிகாலால் அழுத்த வேண்டும். மண் இறுக்கமாக இல்லையென்றால் கோஸ் இறுகாது. பூச்சி வராமல் மேலே வலை. நான் செய்வதைச் சரியாகச் செய்கிறவன். எட்டே மாதத்தில் மூன்று வரிசை, இருபத்து நான்கு செடி, வருடம் முழுக்க இலை வரும்படி ஒரு சுழற்சி. அவளுக்குத் தினமும் வெளி இலை ஒரு கிண்ணம். முதல் பரிசோதனைகளில் மாத்திரை போதவில்லை என்று தெரிந்து, இரண்டு முறை அளவைக் கூட்டினார்கள். அதன் பிறகு எண்கள் அசையவில்லை. ஒவ்வொரு மாதமும் ஒரே மாதிரி.

"பீக்கர்ல அளந்து கோஸ் சாப்பிடற ஒரே குடும்பம் நாமதான்" என்பாள். என்னை ஆய்வாளரே என்று கூப்பிடுவாள். "ஆய்வாளரே, இன்னிக்குக் கிண்ணத்துல ரெண்டு சொட்டு கம்மியா இருக்கு, மேலிடத்துக்கு எழுதிப் போடட்டுமா?"

அவள் சாப்பிடும் மாத்திரையின் அளவு எங்கள் தோட்டத்தில் வேர்விட்டிருந்தது என்பதை அவளைவிட நான் நன்றாகப் புரிந்துகொண்டிருந்தேன். கிண்ணத்தை எடுத்துவிட்டால் அந்த மாத்திரை அதிகம். படித்தவனுக்கு இது கஷ்டமான விஷயமில்லை.

எல்லாரும் என்னைப் பாராட்டினார்கள். இதையும் சொல்ல வேண்டும். அடுத்த வீட்டில் ஓய்வுபெற்ற பேருந்து ஓட்டுநர் ஒருவர் இருக்கிறார். வேலிக்கு மேல் எட்டிப் பார்த்து, "தம்பி, பொண்டாட்டிக்காக இப்படி மண்ணுல பொரள்ற ஆளை நான் பாத்ததில்ல. நீங்க தங்கம்" என்பார். ஆய்வகத்தில் நான் சீக்கிரம் கிளம்பினால் யாரும் கேட்க மாட்டார்கள். சொல்லவும் வேண்டாம், அவர்களே கடிகாரத்தைப் பார்த்து, கிளம்புங்க, வீட்ல பாத்துக்கிட்டிருப்பாங்க என்பார்கள். அவளுடைய அக்கா பள்ளி ஆசிரியை, தனியாக இருப்பவர், அவளைவிடப் பதினாறு வயது மூத்தவர். வரும்போதெல்லாம் என் கையைப் பிடித்துக்கொண்டு, "என்கூட வந்து இருடின்னு எத்தனை தடவை கூப்பிட்டேன் தம்பி. உங்களை விட்டு ஒரு நாள் கூட வரமாட்டேங்கறா" என்பார். அவர் அதை எனக்கு நல்ல செய்தி என்று நினைத்துத்தான் சொன்னார்.

துறைமுக நகரத்தில் கடல்நீரைக் குடிநீராக்கும் ஒரு நிலையம் தொடங்கினார்கள். அதன் ஆய்வகத்துக்குத் தலைமை தாங்க ஆள் தேடினார்கள். என்னோடு படித்தவன் ஒருவன் என் பெயரைச் சொல்லியிருந்தான். முதல் கடிதத்துக்கு முடியாது என்று எழுதினேன். இரண்டாவதற்கும் அப்படியே. அவளிடம் காட்டவில்லை. காட்டினால் என்ன சொல்வாள் என்று எனக்குத் தெரியும். அந்த ஊர்ப் புழுக்கம் தனக்கு ஒத்துக்கொள்ளாது, தோட்டம் என்ன ஆவது, இந்த நர்ஸ் மாதிரி அங்கே கிடைப்பாரா என்பாள். தனியாகப் போகச் சொல்லவும் மாட்டாள். நான் கேட்டுப் பார்த்ததில்லை. ஒருவரோடு நான்கு வருடம் இருந்தால் கேட்காமலே தெரிந்துவிடும்.

விட்டுவிட்டுப் போயிருக்கலாமே என்று நீங்கள் கேட்கலாம். யோசித்தேன். நோயாளி மனைவியை விட்டுவிட்டுப் போனவன் எந்த ஊருக்குப் போனாலும் அந்தப் பேச்சு அவனுக்கு முன்னால் போய்ச் சேர்ந்திருக்கும். வேலைக்குச் சிபாரிசு செய்தவனே முகம் திருப்பிக்கொள்வான். அதுவும் தங்கம் என்று பெயர் வாங்கியவன் போனால் கூடுதலாகப் பேசுவார்கள். மனைவியை இழந்தவனுக்கு அப்படியில்லை. அவனுக்கு எழுந்து இடம் கொடுப்பார்கள். நான் இதை ஒரு திட்டமாக யோசித்தேன் என்று எழுத மாட்டேன். இரண்டு நிலைமைகளை ஒப்பிட்டுப் பார்த்தேன், அவ்வளவுதான்.

மூன்றாவது கடிதம் ஒரு செவ்வாய்க்கிழமை வந்தது. அதில் கடைசித் தேதி போட்டிருந்தார்கள், இரண்டு மாதம் தள்ளி. படித்துவிட்டுச் சட்டைப் பையில் வைத்தேன். தினமும் அந்தப் பையிலிருந்து இந்தப் பைக்கு மாற்றிக்கொண்டிருந்தேன்.

அதே வாரம் வியாழக்கிழமை வெளி இலைகளில் ஓட்டை விழுந்திருந்தது. வலை ஓரிடத்தில் தூக்கிக்கொண்டு பூச்சி உள்ளே போயிருந்தது. நான் ஓட்டை இலைகளை ஒதுக்கிவிட்டு, ஒரு கோஸை அறுத்து, உள்ளே இருந்த வெளிறிய இலைகளை நறுக்கினேன். பீக்கரில் இருநூற்றைம்பது கோடு வரை வந்தது. வேகவைத்தேன். நோட்டை எடுத்து, வெளி இலை, 250 என்று எழுதினேன். எழுதிய பிறகுதான் பார்த்தேன். அடித்துத் திருத்தவில்லை.

வெள்ளிக்கிழமை பறித்த இலைகளில் ஓட்டை இல்லை. அன்றும் உள் இலையைத்தான் நறுக்கினேன். செவ்வாய்க்கும் வியாழனுக்கும் சம்பந்தமில்லை என்று நீண்ட நாள் நினைத்திருந்தேன். வெள்ளிக்கு மட்டும் என்னிடம் விளக்கம் இருந்ததில்லை.

"என்னங்க இது, கோஸ் இப்படி வெளுத்துப் போச்சு? சோகை பிடிச்சிருக்கா?" என்றாள்.

"புழு. வெளி இலை முழுக்க ஓட்டை."

"பாவம், அதுங்களும் சாப்பிடணும்ல." கிண்ணத்தைக் கையில் எடுத்துக்கொண்டு, "அளவு சரியாத்தானே இருக்கு?" என்றாள்.

"இருநூத்தம்பது."

அது உண்மை. அளவில் நான் ஒருநாளும் குறை வைத்ததில்லை. ருசி இப்போதுதான் நன்றாக இருக்கிறது, இனிப்பாக, என்றாள். உள் இலை இனிக்கத்தான் செய்யும்.

உரித்த வெளி இலைகளை உரக்குழியில் போட மனம் வரவில்லை. நல்ல இலைகள். ஓட்டுநர் இரண்டு முயல் வளர்க்கிறார். ஒன்றுக்குக் கண்டக்டர், இன்னொன்றுக்குச் செக்கர் என்று பெயர். வேலிக்கு மேல் இலைகளைக் கொடுத்துவிடுவேன். தினமும், தவறாமல். ஒரு மாதத்தில் அவர் என்னைக் கூப்பிட்டுக் காட்டினார். "பாருங்க தம்பி, உங்க புண்ணியத்துல ரெண்டும் உருண்டுபோச்சு. இந்தச் செக்கர் இருக்கானே, கூண்டைத் தொறந்து விட்டாலும் வெளியே வரமாட்டேங்கறான். உக்காந்த எடத்துல கோஸ் வருது, எதுக்கு எறங்கணும்னு இருக்கான்." நான் குனிந்து பார்த்தேன். கதவு திறந்துதான் இருந்தது. முயல் கம்பியில் முகத்தை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தது.

பதினெட்டாம் நாள் பல் விளக்கும்போது அவளுக்கு ஈறில் இரத்தம் வந்தது. வாஷ் பேசினில் தண்ணீர் விட்ட பிறகும் ஒரு இளஞ்சிவப்புக் கோடு இருந்தது. "பிரஷ் ரொம்ப முரடா இருக்கோ?" என்றாள். அன்று மாலை மென்மையான பிரஷ் வாங்கிவந்து கொடுத்தேன்.

இருபத்திரண்டாம் நாள் மாதப் பரிசோதனை. நர்ஸுக்குப் போன் செய்து, அவளுடைய அக்கா வீட்டுக்குப் போகிறோம், ஒரு வாரம் தள்ளி வரலாமா என்று கேட்டேன். "உங்க வீட்டைப் பத்தி எனக்குக் கவலையே இல்லை சார். நீங்க நோட்டு எழுதற மாதிரி யாரும் எழுதறதில்லை. வந்துட்டுச் சொல்லுங்க" என்றார். அவளிடம், பரிசோதனை இயந்திரம் பழுதாம், அடுத்த வாரம் வரச் சொன்னார்கள் என்றேன். அடுத்த வாரமும் ஏதோ ஒன்று சொன்னேன், இரண்டு பேரிடமும். என்ன என்று இப்போது நினைவில்லை. அவ்வளவு சாதாரணமாக இருந்தது.

முப்பதாம் நாளை ஒட்டி அவள் முழங்கைக்குக் கீழே ஊதாவாக ஒரு தடம் வந்தது. எங்கேயும் இடித்துக்கொண்ட ஞாபகம் இல்லை என்றாள். தையல் மேசை விளிம்பாக இருக்கும் என்றேன். அவள் மேசை விளிம்பில் ஒரு பழைய துணியை மடித்து ஒட்டினாள். ஒரு நாள் ஊசி குத்தி, முக்கால் மணி நேரம் விரலைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். வெள்ளைத் திரைச்சீலையில் நான்கு சொட்டு. குளிர்ந்த தண்ணீரும் உப்பும் போட்டு அதை எடுத்துக் கொடுத்தது நான்தான். கறை தெரியவே இல்லை. "வேதியியல் படிச்ச மாப்பிள்ளை கெடைச்சா இதுதான் லாபம்" என்றாள்.

முப்பத்தொன்பதாம் நாள் ஞாயிற்றுக்கிழமை. வீட்டில் இருந்தேன். காலை ஒன்பது மணி இருக்கும். சமையலறை மேல் அலமாரியில் பீக்கரை வைத்துவிட்டுக் கதவைச் சாத்தாமல் விட்டிருந்தேன். அது மறதி. இதை நீங்கள் நம்ப வேண்டும் என்று எதிர்பார்க்கவில்லை. அவள் தரையில் உருண்ட நூல்கண்டை எடுக்கக் குனிந்து, நிமிரும்போது கதவு முனையில் தலை இடித்தது. பெரிய அடி இல்லை. காயம்கூட இல்லை. "உங்க அலமாரிக்கும் என்னைப் பிடிக்கல" என்று சிரித்துக்கொண்டேதான் தேய்த்துவிட்டுக்கொண்டாள். அரை மணி கழித்துத் தலை வலிக்கிறது என்று போய்ப் படுத்தாள். ஈரத்துணி நனைத்துக் கொடுத்தேன். கொஞ்ச நேரம் பேசிக்கொண்டிருந்தோம். பிறகு அவள் தூங்கினாள். நான் தோட்டத்துக்குப் போனேன்.

முந்தின நாள் நல்ல மழை. முற்றிய கோஸ் திடீரென்று தண்ணீர் குடித்தால் உள்ளிருந்து பருத்து வெடித்துவிடும். அதற்கு ஒரு வழி உண்டு. கோஸை இரண்டு கைகளாலும் பிடித்து, செடியோடு ஒரு கால் சுற்று திருப்ப வேண்டும். மண்ணுக்குள் பக்க வேர்கள் அறுபடும் சத்தம் கையில் தெரியும். செடி சாகாது. நிமிர்ந்து அப்படியேதான் நிற்கும், பார்ப்பவர்களுக்கு ஒன்றும் தெரியாது. தண்ணீர் உறிஞ்சுவது மட்டும் குறைந்துவிடும். முற்றியவை எட்டுதான். நான் அன்று இருபத்து நான்கையும் திருப்பினேன். படுக்கையறை ஜன்னல் தோட்டத்தைப் பார்த்தது. நடுவில் ஒரு முறை ஏதோ சத்தம் கேட்டது. முயல் கூண்டு என்று நினைத்தேன்.

உள்ளே வந்தபோது பதினொன்று. படுக்கையறை வாசலில் நின்றேன். டிக் டிக் கேட்டது, வழக்கத்தைவிட வேகமாக. கூப்பிட்டேன், எழவில்லை. தலையணையில் வாந்தி எடுத்திருந்தாள். நான் போய்க் கையைக் கழுவினேன். நகக்கண்ணில் மண் இருந்தது, அதையும் எடுத்தேன். பிறகு ஆம்புலன்ஸுக்குப் போன் செய்தேன்.

மருத்துவமனையில் இரண்டு நாள் வைத்திருந்தார்கள். அங்கே இருந்த இயந்திரங்களின் இரைச்சலில் அவளுடைய சத்தம் கேட்கவில்லை. தலைக்குள் இரத்தக் கசிவு, இந்த மாத்திரை சாப்பிடுபவர்களுக்கு நேரக்கூடியதுதான், சின்ன அடி போதும் என்றார் மருத்துவர். என் தோளில் கை வைத்தார். நோட்டை நான்தான் காட்டினேன். ஒரு பக்கம்கூட விடுபடவில்லை என்பதைப் பார்த்துவிட்டு, உங்கள் பங்கில் எந்தக் குறையும் இல்லை என்றார்.

அக்கா வராந்தாவில் என்னைப் பிடித்துக்கொண்டு, "கடைசியா என்ன சொன்னா தம்பி?" என்று கேட்டார். ஏதாவது சொல்லியாக வேண்டும் போலிருந்தது. "'நீங்க ரொம்பக் கஷ்டப்பட்டுட்டீங்க, போதும்'னு சொன்னா" என்றேன். அது இப்போது அவளுடைய படத்துக்குக் கீழே சட்டத்துக்குள் இருக்கிறது, அழகான எழுத்தில்.

துறைமுக நகரத்துக்குப் போயிருப்பேன் என்று நினைப்பீர்கள். கடைசித் தேதிக்கு இன்னும் மூன்று வாரம் இருந்தது. ஆனால் அக்கா இந்த ஊர்ப் பள்ளிக்கு மாற்றல் வாங்கிக்கொண்டு வந்துவிட்டார். தம்பியைத் தனியா விடக் கூடாது என்றார். எங்கள் தெருவிலேயே வீடு. என் வீட்டுச் சாவி ஒன்று அவரிடம். மூன்று வேளையும் சாப்பாடு வருகிறது. தோட்டத்தில் நான் அறுத்த தூர்களில் சின்னச் சின்னதாகக் கோஸ்கள் முளைத்தன. அதைப் பார்த்து அழுதுவிட்டு, புது விதை வாங்கிவந்து அவரே மூன்று வரிசையும் நட்டார். அவளுக்காக என்றார். காலையில் நான் புழு எடுக்கவில்லையென்றால் அவர் வருத்தப்படுவார். அந்த வேலையில் வேறொருவர் சேர்ந்துவிட்டதாக நண்பன் எழுதியிருந்தான். உன் நிலைமை எங்களுக்குப் புரிகிறது என்றும் எழுதியிருந்தான்.

வீட்டில் சத்தமே இல்லை. அதுவும் கேட்கிறது.

நர்ஸ் என் நோட்டைக் கேட்டு வாங்கிக்கொண்டார். மாதத்தின் முதல் ஞாயிறு காலை, வால்வு வைத்தவர்களுக்கும் அவர்கள் வீட்டாருக்கும் உணவு வகுப்பு நடக்கும். அதில் அந்த நோட்டைக் காட்டி, இப்படி எழுத வேண்டும் என்கிறார். என்னையும் வந்து பேசச் சொன்னார். மறுக்கக் காரணம் கிடைக்கவில்லை. போன மாதம் பத்து நிமிடம் பேசினேன். விதை, இடைவெளி, வலை, பீக்கர். கை தட்டினார்கள்.

நேற்று இரண்டாவது முறை. நர்ஸ் தேநீர் சொல்ல வெளியே போயிருந்தார். பின்வரிசையில் ஒருவர் எழுந்தார், என்னைவிட இரண்டு மூன்று வயது சின்னவர், சட்டையில் பெயிண்ட் கறை.

"சார், என் வீட்ல பல்லு வெளக்கும்போது ரத்தம் வருதுங்க. கையில வேற அங்கங்க கன்னிப்போன மாதிரி இருக்கு. பிரஷ் மாத்தினா சரியாப் போயிடுமா?"

அவர் கேட்டு முடிப்பதற்குள் நான் பதில் சொல்லிவிட்டேன். "பிரஷ் இல்லை. மாத்திரை அதிகமாயிருக்கு. இப்பவே ரத்தம் எடுத்துப் பாக்கச் சொல்லுங்க. சாயங்காலம் வரைக்கும் கூடக் காத்திருக்காதீங்க. தலையில கிலையில இடிச்சுக்காமப் பாத்துக்குங்க."

அவர் ஓடினார். நான் மேசைக்குப் பின்னால் நின்றுகொண்டிருந்தேன். என் வாயிலிருந்து வந்ததைக் கேட்டுக்கொண்டிருந்தேன். எனக்குத் தெரியாமல் நடந்துவிட்டது என்று ஏழு மாதமாக மனதில் ஒரு இடத்தில் வைத்திருந்தேன். அந்த இடம் காலியாக இருந்தது. நர்ஸ் திரும்பி வந்து விஷயத்தைக் கேட்டுவிட்டு, நல்லவேளை நீங்க இருந்தீங்க சார் என்றார். மாலையில் அந்தப் பெயிண்டர் போன் செய்தார். மாத்திரையை நிறுத்தி வைத்திருக்கிறார்கள், இரண்டு நாள் போயிருந்தால் கஷ்டம் என்று சொன்னார்களாம். "நீங்க என் குலசாமி சார்" என்றார். அடுத்த மாதமும் பேச வேண்டும் என்று நர்ஸ் தேதி குறித்துக்கொண்டார்.

அதனால்தான் இன்று காலை புழு எடுத்து முடித்ததும் இங்கே வந்தேன்.

என் மனைவியை நான் கொன்றேன். முப்பத்தொன்பது நாள் எடுத்தது. சாட்சி வேண்டுமென்றால் நோட்டின் கடைசி முப்பத்தொன்பது பதிவுகளைப் பாருங்கள், எல்லாவற்றிலும் வெளி இலை என்று இருக்கும். பிறகு ஓட்டுநரிடம் போய், அவருடைய முயல்கள் எந்த மாதம் கொழுத்தன என்று கேளுங்கள். மகிழ்ச்சியாகச் சொல்வார். நர்ஸிடம், கடைசி மாதம் பரிசோதனைக்கு ஏன் வரவில்லை என்று நான் சொன்ன காரணத்தைக் கேட்டு, அதை அக்காவிடம் விசாரியுங்கள். நாங்கள் அவர் வீட்டுக்குப் போகவே இல்லை.

ஏன் என்பதையும் மேலே எழுதியிருக்கிறேன். என்னால் அங்கிருந்து போக முடியவில்லை. அவள் விட்டிருக்க மாட்டாள்.

இவ்வளவோடு கையெழுத்துப் போடலாம் என்றுதான் இருந்தேன். திரும்பப் படித்தபோது ஒரு இடத்தைத் திருத்த வேண்டியிருக்கிறது. அவள் தூங்கினாள் என்று எழுதியிருக்கிறேன். நான் தோட்டத்துக்குப் போனபோது அவள் தூங்கவில்லை. அவளுடைய போன் சமையலறை ஜன்னலோரம் சார்ஜில் இருந்தது. பின்கதவுக்குப் போகும் வழி அதுதான். அதைத் தாண்டித்தான் போனேன்; அதன் திரை ஒளிர்ந்துகொண்டிருந்தது, சார்ஜ் நிறைந்துவிட்டது என்று காட்டியது. அக்காவுக்கு நான் சொன்ன வாக்கியத்தை அவள் சொல்லவில்லை. படச் சட்டத்திலிருந்து அதை எடுத்துவிடச் சொல்லுங்கள். நெற்றியில் ஈரத்துணியை ஒரு கையால் பிடித்துக்கொண்டு, கண்ணை மூடியபடி அவள் சொன்னது வேறு. நான் சரி என்றுவிட்டு வெளியே வந்தேன். அவள் உண்மையில் சொன்னது இதுதான்:

"தொவைக்கப் போட்ட சட்டைப் பையில அந்த லெட்டர் இருந்துச்சுங்க, ஏன் எங்கிட்டச் சொல்லல? நீங்க அந்த வேலைக்குப் போங்க, நான் அக்கா வீட்ல இருந்துக்கறேன், அங்கேயும் நாலு கோஸ் போட எடம் இருக்கு. இப்ப அந்தப் போனை எடுத்துட்டு வாங்க, நர்ஸைக் கூப்பிடணும், தலைவலி தாங்க முடியல."